ஒரு குப்பி மருந்தும் உடைந்த பூமியும்



போன மாதம் இதே மேடையில் சிலப்பதிகாரம் பேசினார்கள். இன்று நான் ஓர் அமெரிக்கத் தொலைக்காட்சித் தொடரைப் பற்றிப் பேச வந்திருக்கிறேன். அதுவும் சூப்பர்ஹீரோ தொடர். வாசலில் ஒரு பெரியவர் என் கையைப் பிடித்துக்கொண்டு கேட்டார்: "ஏம்ப்பா, அதுல பேச என்ன இருக்கு?" நியாயமான கேள்வி. அவர் முன்வரிசையில்தான் இருக்கிறார். ஐயா, உங்களுக்காகவே இந்தப் பேச்சு.

தொடரின் பெயர் 'ஏஜென்ட்ஸ் ஆஃப் ஷீல்ட்'. மார்வெல் கதைகளைச் சேர்ந்தது. 2013இல் ஏபிசி தொலைக்காட்சியில் தொடங்கி, 2020இல் ஏழாம் பருவத்தோடு முடிந்தது. அதில் ஐந்தாம் பருவத்தை மட்டும் இன்று எடுத்துக்கொள்கிறேன். 2017 டிசம்பர் 1இல் தொடங்கி 2018 மே 18இல் முடிந்த 22 அத்தியாயங்கள். ஜெட் வீடன், மாரிஸா டான்சரோன், ஜெஃப்ரி பெல் ஆகியோர் பொறுப்பில் உருவான பருவம். பூமி உடைந்துபோன எதிர்காலத்தில் தொடங்கும் கதை.

கெட்டுப்போன எதிர்காலத்தைக் கற்பனை செய்வது புதிதா? இல்லை. தாமஸ் மோர் 1516இல் 'உட்டோப்பியா' எழுதினார். எங்குமே இல்லாத ஒரு நல்ல நாடு. அந்தச் சொல்லைத் திருப்பிப் போட்டு, 1868இல் பிரிட்டிஷ் நாடாளுமன்றத்தில் அயர்லாந்து பற்றிய விவாதத்தில் ஜான் ஸ்டூவர்ட் மில் எதிராளிகளைச் சாடினார். அங்கிருந்து வந்ததுதான் டிஸ்டோபியா. சூப்பர்ஹீரோ கதைக்குள் அது ஆழமாகப் பதிந்தது 1981இல். கிறிஸ் கிளேர்மான்ட், ஜான் பைர்ன் இருவரும் எக்ஸ்-மென் காமிக்ஸில் 'டேஸ் ஆஃப் ஃபியூச்சர் பாஸ்ட்' என்ற கதையைப் படைத்தார்கள். அன்று அவர்களுக்கு எதிர்காலம் என்பது 2013. அந்த 2013இல் வீரர்கள் முகாம்களில் அடைபட்டுக் கிடப்பார்கள். ஒருத்தியின் மனம் மட்டும் காலத்தில் பின்னோக்கிப் போய்ப் பேரழிவைத் தடுக்கப் பார்க்கும். அதற்குப் பிறகு வந்த இத்தகைய கதைகள் பலவும் அதன் பிள்ளைகள். நான் பேசப்போகும் பருவமும் ஒரு பிள்ளைதான். ஆனால் தாயிடம் இல்லாத ஒரு கேள்வியைக் கேட்ட பிள்ளை.

அந்தக் கேள்விக்கு வருகிறேன். முதலில் அந்த உலகத்துக்குள் போவோம்.

நான்காம் பருவத்தின் கடைசியில், பெரிய போர் முடிந்த களைப்பில், ஷீல்ட் அமைப்பைச் சேர்ந்த நம் ஆட்கள் ஒரு சிறிய உணவகத்தில் உட்கார்ந்திருக்கிறார்கள். விளக்கு அணைகிறது. யாரோ வருகிறார்கள். அடுத்த காட்சியில் தலைவர் ஃபில் கோல்சன் ஒரு சாளரத்தைத் திறக்கிறார். வெளியே விண்வெளி. விண்வெளி நிலையம் ஒன்றில் இருக்கிறோம் என்றுதான் அவரும் நினைக்கிறார், நாமும் நினைக்கிறோம். ஐந்தாம் பருவம் தொடங்கியதும் உண்மை தெரிகிறது. அது விண்வெளி நிலையம் அல்ல. அது பூமி. உடைந்த பூமியின் ஒரு துண்டில் ஒட்டிக்கொண்டு மிதக்கும் பழைய பதுங்குகுழி. ஆண்டு 2091.

அந்தப் பதுங்குகுழியின் பெயர் லைட்ஹவுஸ், கலங்கரை விளக்கம். கரை எங்கே இருக்கிறது என்று கப்பலுக்குக் காட்டுவது கலங்கரை விளக்கம். இங்கே கடலும் இல்லை, கரையும் இல்லை, வரப்போகும் கப்பலும் இல்லை. விளக்கு மட்டும் மிஞ்சியிருக்கிறது. அதற்குள் மனித இனத்தின் மிச்சம்.

அவர்களை ஆள்வது க்ரீ என்ற வேற்றுக்கிரக இனம். நீல நிறத்தவர்கள். கசியஸ் என்பவன் அங்கே அதிபதி. பட்டுத்துணியும் நறுமணமும் இசையும் இல்லாமல் அவனால் இருக்க முடியாது. ரத்தம் சிந்துவதை அழகாகச் செய்ய வேண்டும் என்று நினைப்பவன். டொமினிக் ரெயின்ஸ் என்ற நடிகர் அவனை நடித்த விதத்தை நீங்கள் பார்க்க வேண்டும்; பெரும்பாலும் குரலை உயர்த்தாமலேயே நமக்கு உதறல் எடுக்க வைக்கிறார்.

நண்பர்களே, அந்த உலகத்தில் என்னை உலுக்கியது எது தெரியுமா? உடைந்த பூமியா? அதைக் கணினியில் வரைந்துவிடலாம். இருட்டில் பாய்ந்து வரும் விண்வெளிப் பூச்சிகளா? அவை இல்லாத படம் ஏது! என்னை உலுக்கியது அங்கே நடக்கும் கணக்கு.

ஒவ்வொருவர் மணிக்கட்டிலும் தோலுக்கடியில் ஒரு கருவி. மெட்ரிக் என்று பெயர். ஆள் எங்கே இருக்கிறான், எங்கே போகலாம், யாருக்கு எவ்வளவு கடன்பட்டிருக்கிறான், எல்லாம் அதில். சோற்றுக்கு டோக்கன். தூங்கும் இடத்துக்கு டோக்கன். யார் பிறக்கலாம் என்பதை ஆள்பவர்கள் முடிவு செய்வார்கள். ஓர் உயிர் வர வேண்டுமானால் ஓர் உயிர் போக வேண்டும். அதைத் தங்களுக்குள் தாங்களே தீர்த்துக்கொள்ள வேண்டும். மூன்றாம் அத்தியாயத்தின் தலைப்பைத் தமிழில் சொன்னால் 'செலவான ஓர் உயிர்'. நான்காம் அத்தியாயத்தின் தலைப்பு 'ஈட்டிய ஓர் உயிர்'. கவனித்தீர்களா? செலவு, ஈட்டு. வரவு செலவுப் புத்தகத்தின் மொழி. ஒரு சமூகம் கெட்டுப்போவது குண்டு விழும் நாளில் அல்ல. அண்டைவீட்டுக்காரன் சாவை வரவுப் பக்கத்தில் எழுதப் பழகும் நாளில்.

அங்கே டீக் என்று ஓர் இளைஞன். பிழைக்கத் தெரிந்தவன். அவன் செய்யும் தொழில் என்ன? பழைய பூமியைக் கனவாகக் காட்டும் ஓர் எந்திரம் வைத்திருக்கிறான். டோக்கன் கொடுத்தால் சிறிது நேரம் அதற்குள் போய், வானம், காற்று, மரம் எல்லாம் பார்த்துவிட்டு வரலாம். வானத்தைப் பார்த்தே இராத மக்கள் வானத்துக்கு வாடகை கொடுக்கிறார்கள். டீக் கெட்டவனா? அவன்மேல் எனக்குக் கோபம் வரவில்லை. அந்த உலகத்தில் பிறந்திருந்தால் நானும் வரிசையில் நின்றிருப்பேன்.

இன்னொரு காட்சி. அதைச் சொல்லாமல் மேலே போக எனக்கு மனம் வரவில்லை. நம் குழுவில் ஜெம்மா சிம்மன்ஸ் என்று ஒரு பெண். உயிரியல் அறிஞர். கசியஸ் அவளைப் பிடித்து, முகத்தில் பொன் பூசி, தன் பணிப்பெண் ஆக்கிவிடுகிறான். காதுக்குள் ஒரு பொருளைச் செலுத்துகிறான். அதற்குப் பிறகு அவன் குரலைத் தவிர வேறு ஒலி எதுவும் அவளுக்குக் கேட்காது. அவன் அனுமதித்தால் உலகம் கேட்கும், இல்லையென்றால் மௌனம். விலங்கு பூட்டவில்லை. சவுக்கால் அடிக்கவில்லை. காதை மட்டும் எடுத்துக்கொண்டான். அடிமைத்தனத்துக்கு இதைவிடத் துல்லியமான ஒரு படிமத்தைத் தொலைக்காட்சியில் நான் பார்த்ததில்லை.

அந்த ஜெம்மாவிடம் ஒரு சிறுமியை ஒப்படைக்கிறார்கள். ஏபி என்று பெயர். புதிதாக அபூர்வ சக்தி வந்த குழந்தை. நடுங்குகிறாள், சக்தி கட்டுக்குள் நிற்கவில்லை. ஜெம்மா ஒரு நல்ல ஆசிரியை செய்வதைச் செய்கிறாள். பொறுமையாகச் சொல்லிக்கொடுக்கிறாள். தைரியம் சொல்கிறாள். குழந்தை கற்றுக்கொள்கிறது. பிறகுதான் தெரிகிறது, அது பள்ளிக்கூடம் அல்ல, சந்தை. சிறுமியை அரங்கில் இறக்கிச் சண்டையிட வைக்கிறார்கள். வேற்றுக்கிரகத்து விருந்தாளிகள் பார்க்கிறார்கள். அவள் வெல்கிறாள். வென்றதும் விற்கப்படுகிறாள். ஆசிரியை கொடுத்த அன்பு, சிறுமியின் விலையைத்தான் ஏற்றியது. இந்த அவையில் ஆசிரியர்கள் பலர் இருக்கிறீர்கள். அந்தக் கணத்தில் ஜெம்மாவின் முகத்தை நீங்கள் பார்க்க வேண்டும். நடிகை எலிசபெத் ஹென்ஸ்ட்ரிட்ஜ். அழக்கூட உரிமை இல்லாத முகம்.

சரி. இந்த உலகத்தை உடைத்தது யார்?

அங்குள்ள மக்கள் ஒரு பெயரைத் தயங்காமல் சொல்கிறார்கள். டெய்சி ஜான்சன். நம் குழுவில் ஒருத்தி. நிலத்தை அதிரவைக்கும் சக்தி உள்ளவள். உலகை அழித்தவள் என்று அவளுக்குப் பட்டம் கட்டியிருக்கிறார்கள். அவள் இன்னும் செய்யாத குற்றத்துக்கு, எழுபது ஆண்டுக்கும் மேலாக வெறுப்பைச் சேர்த்து வைத்திருக்கும் மக்கள் நடுவில் வந்து நிற்கிறாள். நீ செய்யவில்லை என்று சொல்ல யாராலும் முடியாது. நான் செய்ய மாட்டேன் என்று சொல்ல அவளாலும் முடியாது. அவள் ஒரு முடிவெடுக்கிறாள்: நான் திரும்பிப் போகவில்லை, இங்கேயே இருந்துவிடுகிறேன், நான் இல்லாத பூமி உடையாது.

எத்தனை பெரிய மனம்! ஆனால் கோல்சன் என்ன செய்கிறார்? மயக்கத் துப்பாக்கியால் சுட்டு, அவளைத் தூக்கிக்கொண்டு 2018க்குக் கொண்டுவந்துவிடுகிறார். மகளைப் போல வளர்த்தவளை அந்த இருட்டில் விட்டுவர அவரால் முடியவில்லை.

நண்பர்களே, இங்கேதான் இந்தப் பருவம் தன் கேள்வியைக் கேட்கிறது. இந்த உலகத்தை உடைத்தது தீயவர்களா, அல்லது ஒருவரையொருவர் விட முடியாத நல்லவர்களா?

புறப்படுவதற்கு முன் எலீனா என்ற வீராங்கனை, யோ-யோ என்று அழைப்பார்கள், 2091இல் தன்னுடைய முதிய உருவத்தையே சந்திக்கிறாள். கசியஸ் அந்த முதியவளைக் கொன்று, உயிர்ப்பித்து, மறுபடி கொன்று, தன் கைதியாக வைத்திருந்தவன். அந்த முதியவள் இளையவளிடம் ஒரு செய்தி சொல்கிறாள். கோல்சன் சாகப்போகிறார். நீங்கள் எல்லாரும் அவரைக் காப்பாற்றப் பார்ப்பீர்கள். அதனால்தான் உலகம் அழிந்தது. அவரைச் சாக விடு.

இது என்ன செய்தி? எந்த சூப்பர்ஹீரோ கதை தன் வீரர்களிடம் இப்படிச் சொல்லியிருக்கிறது? காப்பாற்று என்பதுதானே அந்தக் கதைகளின் ஒரே கட்டளை!

இந்தக் கோல்சன் யார் என்று சொன்னால்தான் செய்தியின் பாரம் விளங்கும். 2012இல் வந்த 'தி அவெஞ்சர்ஸ்' திரைப்படத்தில் லோகியின் கையால் செத்துப்போனவர். க்ரீ இனத்தானின் ரத்தத்திலிருந்து எடுத்த மருந்தால் அவரை ரகசியமாக உயிர்ப்பித்தார்கள். நினைவை மாற்றி, டஹிட்டி தீவில் ஓய்வெடுத்து வந்தாய் என்று நம்பவைத்தார்கள். அங்கிருந்துதான் இந்தத் தொடரே தொடங்கியது. இப்போது நான்காம் பருவத்தில் கோஸ்ட் ரைடரின் ஆவியோடு செய்துகொண்ட ஒப்பந்தம் அந்த ரத்தத்தை எரித்துவிட்டது. பழைய மரணம் வட்டியோடு திரும்பி வந்திருக்கிறது. ஆக, ஒரு சாவை ஏற்க மறுத்ததில் பிறந்த கதை இது. ஐந்து பருவம் கழித்து அதே சாவு வாசலில் வந்து நிற்கிறது, அதே கேள்வியோடு.

கம்சன் கதை நமக்குத் தெரியும். எட்டாவது குழந்தை உன்னைக் கொல்லும் என்று கேட்டான். கேட்டதைத் தடுக்கச் சிறை வைத்தான், குழந்தைகளைக் கொன்றான். அவன் தடுக்கச் செய்த ஒவ்வொன்றும் அந்த எட்டாவது குழந்தையை ஆயர்பாடிக்கு நடத்திச் சென்றது. ஆனால் கம்சன் கொடியவன். அவன் மாட்டிக்கொண்டால் நமக்குக் கவலை இல்லை. நல்லவர்கள் கம்சனைப் போல மாட்டிக்கொண்டால்?

பருவத்தின் இரண்டாம் பாதி முழுக்க அதுதான். எலீனா திரும்பி வந்த சில நாளிலேயே இரண்டு கைகளையும் இழக்கிறாள். ரூபி என்ற இளம்பெண் வீசிய சக்கராயுதம் வெட்டிவிடுகிறது. விஞ்ஞானி ஃபிட்ஸ், மென்மையின் மறுபெயர் என்று நாம் நினைத்திருந்த ஃபிட்ஸ், மனம் பிளந்து, டெய்சியைக் கட்டிவைத்து, அவள் சம்மதம் இல்லாமலே அறுவை செய்து, அடக்கப்பட்டிருந்த சக்தியை மீட்டெடுக்கிறான். உலகைக் காக்க வேறு வழி இல்லை என்கிறான். அவன் சொன்ன காரணம் சரியாகவும் இருக்கிறது. அதுதான் கொடுமை. 'தி டெவில் காம்ப்ளெக்ஸ்' என்ற அந்த அத்தியாயத்தைப் பார்த்த இரவு எனக்குத் தூக்கம் பிடிக்கவில்லை. ஃபிட்ஸாக நடித்த இயன் டி கேஸ்டக்கர் ஒரே முகத்தில் இரண்டு மனிதர்களை வைத்திருந்தார்.

பிறகு எலீனா. உலகை உடைக்கப்போவது ரூபிதான் என்று அவளுக்குத் தோன்றிவிடுகிறது. கிராவிட்டோனியம் என்ற பொருளின் சக்தி உடலுக்குள் ஓரளவு ஏறிய நிலையில் வலியில் துடித்துக்கொண்டிருக்கும் பெண்ணின் கழுத்தை, கண் இமைக்கும் நேரத்தில் பாய்ந்து அறுத்துவிடுகிறாள். முடிந்தது, விதியை உடைத்துவிட்டோம் என்று நினைக்கிறாள். உடைந்ததா? மகளைப் பறிகொடுத்த தாய் ஜெனரல் ஹேல் வேற்றுக்கிரக எதிரிகளிடம் போய் இவர்கள் இருக்கும் இடத்தைச் சொல்கிறாள். எதிரிகள் படையெடுக்கிறார்கள். நண்பர்களைக் காப்பாற்றத் துடிக்கும் இன்னொரு மனிதர் அதே எந்திரத்துக்குள் நுழைந்து, ரூபியிடம் ஓரளவே ஏறிய சக்தியை முழுமையாக ஏற்றுக்கொள்கிறார். உலகை உடைக்கப்போவது அவர்தான்.

அவர் பெயர் கிளென் டால்பட். அவரைப் பற்றி நான் கொஞ்சம் நின்று பேச வேண்டும். ராணுவ அதிகாரி. முதல் பருவத்திலிருந்து வருகிறவர். மீசையும் முரட்டுப் பேச்சும், உள்ளே குழந்தை மனமும். தலையில் குண்டு பாய்ந்து, மூளை கலங்கி, மனைவி மகனிடமிருந்து பிரிந்து, சிறையில் வதைபட்டு, தன்னால் எல்லாருக்கும் தொல்லை என்ற எண்ணத்தோடு நடமாடிக்கொண்டிருந்த மனிதர். அவருக்கு முதல்முறையாகச் சக்தி கிடைக்கிறது. தானோஸ் என்ற பேரழிவு பூமியை நோக்கி வருவது தெரிகிறது. நான் தடுக்கிறேன் என்கிறார். தடுக்க இன்னும் பலம் வேண்டும். அந்தப் பலம், அந்தக் கிராவிட்டோனியம், பூமிக்கடியில் இருக்கிறது. தோண்டி எடுக்கப் போகிறார். பூமியைக் காப்பாற்றுவதற்காகப் பூமியைப் பிளக்கப் போகிறார்.

எட்ரியன் பாஸ்டார் நடித்த அந்த டால்பட்டை வில்லன் என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை. தன்னையும் ஒருநாள் வீரன் என்று யாராவது சொல்ல வேண்டும் என்று ஏங்கிய மனிதர் அவர். நம் தெருவிலும் அப்படி ஒருவர் இருக்கிறார். அவர் கையில் மட்டும் கிராவிட்டோனியம் இல்லை.

குறைகளையும் சொல்ல வேண்டும். நடுவில் வரும் வேற்றுக்கிரகக் கூட்டணியில் உயிரில்லை. சில அத்தியாயங்கள் இழுக்கின்றன. அதைவிட எனக்குப் பெரிய வருத்தம் ஒன்று உண்டு. முதல் பத்து அத்தியாயங்களில் நாம் பழகிய அந்த 2091 மக்கள், கொல்லப்பட்டு எழுப்பப்பட்ட டெஸ், கல்லை நகர்த்தும் சிறுவன் ஃபிளின்ட், அவர்களையெல்லாம் அங்கேயே விட்டுவிட்டுக் கதை நிகழ்காலத்துக்கு வந்துவிடுகிறது. அந்த எதிர்காலத்தைத் தடுத்துவிட்டால் அவர்கள் என்ன ஆவார்கள்? பிறக்கவே மாட்டார்களா? டீக் மட்டும் எப்படியோ இங்கே வந்து சேர்கிறான். ஃபிட்ஸுக்கும் ஜெம்மாவுக்கும் இன்னும் பிறக்காத மகளின் மகன் அவன் என்று பிறகு தெரிகிறது. மற்றவர்களுக்காக யாராவது ஒரு நிமிடம் மௌனமாக நின்றிருக்கலாம்.

இப்போது கடைசி அத்தியாயம். 'முடிவு' என்றே அதற்குப் பெயர் வைத்தார்கள். தொடர் இதோடு நின்றுபோகக்கூடும் என்ற எண்ணத்தோடுதான் எழுதினார்கள். அதனால் எதையும் மிச்சம் வைக்காமல் எழுதியிருக்கிறார்கள்.

ஒரு மருந்து தயாராக இருக்கிறது. ஒரே ஒரு குப்பி. அதைக் கோல்சனுக்குக் கொடுத்தால் அவர் பிழைக்கலாம். அதையே ஆயுதமாக்கினால் டால்பட்டைத் தடுக்கலாம். இரண்டுக்கும் போதாது. குழு பிளக்கிறது. எலீனா எதிர்காலத்தில் கேட்டதைச் சொல்கிறாள்: அவரை விட்டுவிடுங்கள். மற்றவர்கள் துடிக்கிறார்கள். அது எப்படி விட முடியும்? இவர் நம்மை ஒருநாளும் விட்டதில்லையே! ஒரு பக்கம் ஏழு கோடி அல்ல, எழுநூறு கோடிக்கும் மேற்பட்ட மக்கள். இன்னொரு பக்கம் படுக்கையில் ஒரு மனிதர். தராசில் போட்டால் விடை எளிது. படுக்கையருகில் நின்று பார்த்தால்?

எங்கள் அப்பாவின் கடைசி வாரத்தில் நாங்கள் ஐந்து பேர் மருத்துவமனைத் தாழ்வாரத்தில் அப்படித்தான் நின்றோம். குழாய்களைத் தொடர்வதா, வீட்டுக்குக் கொண்டுபோவதா? அப்பாவுக்கு நினைவு இருந்தது. ஆனால் அவரைத் தவிர மற்ற எல்லாரிடமும் கேட்டுக்கொண்டிருந்தோம். மூன்றாம் நாள் அக்காதான் உள்ளே போய், "அப்பா, உங்களுக்கு என்னப்பா வேணும்?" என்று கேட்டாள். அவர் வீட்டுத் திண்ணையைக் கேட்டார்.

அந்தக் குழுவிலும் கோல்சனைத் தவிர எல்லாரும் பேசிக்கொண்டிருந்தார்கள். அவர் தன் பதிலைச் சத்தமில்லாமல் சொன்னார். மருந்தைத் தான் போட்டுக்கொள்ளவில்லை. டெய்சி சண்டைக்குப் போகும்போது கையில் அணியும் கவசத்துக்குள் மறைத்து வைத்துவிட்டார்.

சிகாகோ நகரம். கட்டடங்கள் சரிகின்றன. டால்பட் டெய்சியைப் பிடித்துவிட்டார். அவளையும் தனக்குள் இழுத்துக்கொள்ளப் போகிறார். 2091இல் சொன்ன கதை இங்கேதான் நடக்க வேண்டும். அந்த நேரத்தில் கவசத்துக்குள் இருக்கும் குப்பி டெய்சியின் கண்ணில் படுகிறது. அவளுக்குப் புரிந்துவிடுகிறது. யார் வைத்தார், எதை விட்டுக்கொடுத்து வைத்தார் என்று அந்தக் கணத்திலேயே புரிந்துவிடுகிறது. தன் உடலில் செலுத்திக்கொள்கிறாள். டால்பட்டை வானத்துக்கு அப்பால் எறிகிறாள். பூமி உடையவில்லை.

எத்தனை பேர் உலகை உடையாமல் வைக்க முயன்றார்கள் என்று எண்ணிப் பாருங்கள். ஒருவன் அறுவை செய்தான். ஒருத்தி கழுத்தை அறுத்தாள். ஒருவர் மலையளவு பலத்தைத் தேடினார். எல்லாரும் எதையோ பிடிக்கப் பாய்ந்தவர்கள். சக்கரத்தை நிறுத்தியவர் கையைத் திறந்த ஒரே ஒருவர். வள்ளுவர் ஊழுக்கு ஓர் அதிகாரம் எழுதினார், ஆள்வினையுடைமைக்கும் ஓர் அதிகாரம் எழுதினார். இரண்டும் மோதுகின்றன என்று பட்டிமன்றம் நடத்துகிறோம். கோல்சன் தன் ஊழை ஏற்றுக்கொண்டார். அந்த ஏற்பே அவருடைய ஆள்வினையாக இருந்தது. வாசலில் கேட்ட ஐயா, பேச என்ன இருக்கிறது என்றீர்களே, எனக்கு இதுதான் இருந்தது.

வெற்றிக்கும் விலை உண்டு. இடிபாட்டுக்கு அடியில் ஃபிட்ஸ் இறந்துபோகிறான். வலி தெரியாமல், தனக்கு என்ன ஆயிற்று என்றுகூடத் தெரியாமல் பேசிக்கொண்டே போய்விடுகிறான். ஆனால் மற்றவர்களைப் போல அல்லாமல், 2091க்குப் போய்ச் சேர அவன் 74 ஆண்டுகள் பனி உறக்கத்தில் கிடந்தவன் அல்லவா? காலம் மாறிவிட்டதால், அந்த உறக்கத்தில் இன்னொரு ஃபிட்ஸ் விண்வெளியில் எங்கோ இன்னும் கிடக்கிறான். ஜெம்மா அவனைத் தேடக் கிளம்பப் போகிறாள். விட முடியாதவர்கள் விட முடியாதவர்களாகவே இருக்கிறார்கள், பாருங்கள்.

கோல்சனைக் கொண்டுபோய் இறக்கிவிடுகிறார்கள். இன்னும் சில நாள்தான் என்று எல்லாருக்கும் தெரியும். ஒவ்வொருவராகக் கட்டிப்பிடித்து விடைபெறுகிறார்கள். குழுவில் ஒருத்தியான மெலிண்டா மே மட்டும் அவரோடு இறங்கிக்கொள்கிறாள். மணல், நீலக் கடல், மேலே போகும் விமானம். டஹிட்டி. செத்து எழுந்த காலத்தில் ஓய்வெடுத்ததாகப் பொய்யாய் நினைவில் புகுத்தப்பட்ட அதே தீவு. இந்த முறை அந்த மணல் அவர் காலில் உண்மையாகவே ஒட்டுகிறது. மே அவர் கையைப் பிடித்துக்கொள்கிறாள். இருவரும் விமானம் மறையும்வரை பார்த்துக்கொண்டு நிற்கிறார்கள்.